சிரிக்க வைத்த சீரியஸ் இசை: எல்மர் பெர்ன்ஸ்டீனின் நகைச்சுவைப் படங்கள்

பின்னணிப்பித்தன்:

எல்மர் பெர்ன்ஸ்டீன் என்று பேச்சு வந்தாலே ‘தி மேக்னிஃபிசென்ட் செவன்’ (1960), ‘டு கில் எ மாக்கிங்பேர்ட்’ (1962), ‘தி கிரேட் எஸ்கேப்’ (1963) என்று மூன்று பெயரைச் சொல்லிவிட்டு எல்லோரும் அடுத்த இசையமைப்பாளருக்குப் போய்விடுகிறார்கள். 1978-லிருந்து 1986 வரை அமெரிக்க நகைச்சுவைப் படம் என்றாலே அவரைத்தான் தேடிப் போனார்கள். ‘அனிமல் ஹவுஸ்’, ‘மீட்பால்ஸ்’, ‘ஏர்ப்ளேன்’, ‘ஸ்ட்ரைப்ஸ்’, ‘ட்ரேடிங் ப்ளேசஸ்’, ‘கோஸ்ட்பஸ்டர்ஸ்’, ‘ஸ்பைஸ் லைக் அஸ்’, ‘த்ரீ அமிகோஸ்’. எல்லாம் அவர்தான். ஆனாலும் இவற்றை வயிற்றுப்பாட்டுக்குச் செய்த வேலை என்று ஒதுக்குகிறவர்களே அதிகம்.

எனக்கு அதில் துளியும் உடன்பாடு இல்லை. நாடக உணர்வுள்ள ஓர் இசையமைப்பாளராக அவருடைய முழுத் திறமையும் தெரிவது இந்தப் படங்களில்தான் என்பது என் கட்சி.

இது தொடங்கிய விதமே அழகு. இயக்குநர் ஜான் லாண்டிஸ், பெர்ன்ஸ்டீனின் மகன் பீட்டருக்குச் சிறுவயது நண்பர். ‘அனிமல் ஹவுஸ்’ எடுத்தபோது லாண்டிஸுக்கு வயது 27தான். நண்பனின் அப்பாவிடம் போய், இதை நகைச்சுவைப் படம் என்றே நினைக்காமல், ஒரு கனமான படத்துக்கு எழுதுவது போல எழுதித் தாருங்கள் என்று கேட்டார். படத்தின் தொடக்கத்தைப் பாருங்கள். ஃபேபர் கல்லூரி, அதை நிறுவியவரின் சிலை, சிலையின் கீழே ‘அறிவு நல்லது’ என்று ஒரு பொன்மொழி. பின்னால் ஒலிப்பது ஜெர்மன் இசையமைப்பாளர் பிராம்ஸின் ‘அகாடமிக் ஃபெஸ்டிவல்’ முன்னிசையை நினைவூட்டும் கம்பீரமான கல்லூரி இசை. அந்தப் பொன்மொழியின் வெறுமையைப் பார்த்து நமக்குச் சிரிப்பு வருகிறது. இசையோ அதை வேதவாக்காக எடுத்துக்கொண்டு நிமிர்ந்து நிற்கிறது. இசையும் சேர்ந்து சிரித்திருந்தால் அந்த இடம் அங்கேயே செத்திருக்கும்.

இதைப் பற்றி விரிவாகப் பேசலாம் என்றுதான் இந்த இழையைத் தொடங்குகிறேன். மாற்றுக் கருத்து இருப்பவர்களும் வாருங்கள்.

மந்தரம்:

அருமையான தலைப்பு அண்ணா. ஒரு சின்னச் சந்தேகம். ‘வெஸ்ட் சைட் ஸ்டோரி’ லெனர்ட் பெர்ன்ஸ்டீனுக்கு இவர் உறவா?

பின்னணிப்பித்தன்:

உறவில்லை தம்பி. நண்பர்கள். ஒருவர் நியூயார்க்கிலும் இன்னொருவர் லாஸ் ஏஞ்சல்ஸிலும் இருந்ததால் கிழக்கு பெர்ன்ஸ்டீன், மேற்கு பெர்ன்ஸ்டீன் என்று பிரித்துச் சொல்வார்கள். நம்ம ஆள் மேற்கு. ஆனால் பிறந்தது என்னவோ நியூயார்க்கில்தான், 1922-ல். பியானோ பயின்றவர். சிறுவனாக இருந்தபோதே அமெரிக்க இசையமைப்பாளர் ஆரன் கோப்லாண்ட் அவருடைய திறமையைக் கண்டு ஊக்குவித்தார்.

ராஜவீதி ரசிகர்:

பித்தன் சார், தலைப்பு நல்ல தலைப்பு. ஆனால் உங்கள் கட்சியை நான் ஏற்க மாட்டேன்.

‘மாக்கிங்பேர்ட்’ படத்துக்கு எப்படி எழுதுவது என்று பிடிபடாமல் அவர் வாரக்கணக்கில் தவித்தார். இனவெறி, நீதிமன்றம், தெற்கத்திய வறுமை என்று எந்தப் பக்கம் போனாலும் கதவு திறக்கவில்லை. இது குழந்தைகளின் கண் வழியாகத் தெரியும் உலகம் என்று புரிந்த பிறகுதான் இசை வந்தது. அதனால்தான் ஒரு குழந்தை ஒற்றை விரலால் பியானோவைத் தொட்டுப் பார்ப்பது போலப் படம் தொடங்குகிறது. அந்த முதல் நிமிடத்துக்கு இணையாக எதையும் நான் கேட்டதில்லை. ‘ஸ்வீட் ஸ்மெல் ஆஃப் சக்சஸ்’, ‘தி மேன் வித் தி கோல்டன் ஆர்ம்’ இரண்டிலும் ஜாஸை நாடகத்துக்குள் கொண்டுவந்த துணிச்சலும் அவருடையதுதான்.

இவ்வளவு தெரிந்த மனிதரின் ஐம்பத்தாறிலிருந்து அறுபத்து நான்கு வயது வரையிலான காலம். ஒரு கலைஞன் முதிர்ந்து நிற்கும் வயது. அதில் பெரும்பகுதி மாணவர் விடுதிக் கூத்துக்கும் விமானக் கூத்துக்கும் போனது. நன்றாகச் செய்தார் என்பதை மறுக்கவே மாட்டேன். ஆனால் அந்த எட்டு வருடத்தில் நமக்குக் கிடைக்காமல் போனது என்ன என்பதுதான் என் ஆதங்கம்.

செல்லோ சாரதா:

வாசிக்கிறவள் என்ற முறையில் தொழில் பக்கத்திலிருந்து கொஞ்சம் சொல்கிறேன்.

நகைச்சுவைக் காட்சிக்கு எழுதுவதில் ஒரு பழைய வழி உண்டு. ஆள் படியில் இறங்கினால் இசையும் படிப்படியாக இறங்கும். வழுக்கி விழுந்தால் ஒரு சிம்பல் அடி. பாசூன் ஒரு குண்டு மனிதருக்கு, வயலினைச் சுண்டி வாசிப்பது பூனை நடைக்கு. கார்ட்டூன்களில் இது ஒரு பெரிய கலை, அதில் சந்தேகமில்லை. ஆனால் உயிருள்ள நடிகர்கள் நடிக்கும் காட்சியில் இப்படிச் செய்தால் என்ன ஆகிறது? ‘இதோ சிரிப்பு வருகிறது, சிரியுங்கள்’ என்று இசை முன்கூட்டியே காட்டிக்கொடுத்துவிடுகிறது. நடிகர் வருவதற்குள் காரியம் கெட்டுவிடும்.

ஒரு குறும்படத்துக்கு வாசிக்கப் போனபோது, அதன் இயக்குநர் ஒவ்வொரு வசனத்துக்கும் ஒரு ‘டொய்ங்’ வேண்டும் என்று கேட்டார். போட்டுக் கொடுத்தோம். திரையிட்டபோது அரங்கில் ஒருவரும் சிரிக்கவில்லை. வசனம் நல்ல வசனம்தான் என்பதுதான் வருத்தம்.

பெர்ன்ஸ்டீன் பிடித்த வழி வேறு. அவருடைய இசை கதாபாத்திரங்களின் நம்பிக்கையோடு நிற்கிறது, பார்வையாளரின் சிரிப்போடு நிற்பதில்லை. ‘ஸ்ட்ரைப்ஸ்’ (1981) ராணுவ அணிவகுப்பு இசையை எடுத்துக்கொள்ளுங்கள். பில் மர்ரேவும் ஹெரால்ட் ராமிஸும் உருப்படாத இரண்டு சிப்பாய்கள். இசைக்கு மட்டும் அவர்கள் தேசத்தைக் காக்கப் புறப்பட்ட வீரர்கள். ‘கிரேட் எஸ்கேப்’ அணிவகுப்பை எழுதிய அதே கை, அதே முழு மனதோடு எழுதியிருக்கிறது. பித்தளைக் கருவிகளின் அடுக்கு, டிரம்ஸின் நடை எதிலும் கேலி கிடையாது. தனியாகக் கேட்டால் எந்தப் போர்ப் படத்துக்கும் பொருந்தும்.

இது சுலபம் என்று நினைக்காதீர்கள். ஒரு சுரம் கூடினாலும் கேலியாகிவிடும், ஒரு சுரம் குறைந்தாலும் காட்சி கனத்துப்போகும்.

பின்னணிப்பித்தன்:

சாரதா அம்மா, நான் சொல்ல நினைத்ததை எனக்கும் மேலாகச் சொல்லிவிட்டீர்கள்.

‘ஏர்ப்ளேன்’ (1980) பற்றிக் கொஞ்சம் விரிவாக எழுதுகிறேன், ஏனென்றால் என் வாதத்தின் உயிர் அதில்தான் இருக்கிறது.

அந்தப் படம் 1957-ல் வந்த ‘ஸீரோ அவர்’ என்ற விமானப் படத்தின் மேல் கட்டப்பட்டது. விமானத்தில் மீன் சாப்பிட்டவர்கள் மயங்கி விழுகிறார்கள், போர்க்கால நினைவுகளால் நொறுங்கிப்போன பழைய விமானி ஒருவன் விமானத்தை இறக்க வேண்டும். கதை அதேதான், நாயகன் பெயரும் ஏறக்குறைய அதேதான், பல வசனங்கள் அப்படியே வருகின்றன. இயக்கிய மூவரும் (ஸக்கர் சகோதரர்களும் ஜிம் ஆபிரகாம்ஸும்) நகைச்சுவை நடிகர்களைத் தேடாமல், வாழ்நாளெல்லாம் இறுகிய முகத்தோடு நடித்தவர்களைத் தேடிப் பிடித்தார்கள். ராபர்ட் ஸ்டேக், லாயிட் பிரிட்ஜஸ், பீட்டர் கிரேவ்ஸ், லெஸ்லி நீல்சன். ஸ்டேக் 1954-லேயே ஒரு விமான ஆபத்துப் படத்தில் விமானியாக நடித்தவர். நீல்சன் ‘பொசைடன் அட்வென்ச்சர்’ படத்தின் கப்பல் கேப்டன்.

பெர்ன்ஸ்டீனைப் பிடித்ததும் அதே கணக்குதான். ‘ஸீரோ அவர்’ வெளியான 1957-ல் அவர் ‘டென் கமாண்ட்மென்ட்ஸ்’ முடித்துவிட்டு ஹாலிவுட்டின் முன்வரிசையில் இருந்தவர். அந்தக் காலத்துப் படங்களில் வயலின்கள் உருகி வழியும் காதல் இசை, ஆபத்து நெருங்கும்போது பித்தளைக் கருவிகள் இரைச்சலிடும் இசை, இதையெல்லாம் உருவாக்கியவர்களில் அவரும் ஒருவர். அவர் யாரையும் பார்த்துப் போலி செய்ய வேண்டியதில்லை. தன் தலைமுறையின் மொழியிலேயே எழுதினால் போதும்.

தொடக்கத்தில் மேகக் கூட்டத்துக்கு மேலே விமானத்தின் வால் மட்டும் சுறாவின் துடுப்பு போல நகரும், ‘ஜாஸ்’ படத்தின் அந்த இரண்டு சுரங்களோடு. அது ஊரறிந்த கேலி. ஆனால் அதற்குப் பிறகு நாயகன் டெட், நாயகி இலெய்ன் காதல் காட்சிகளில் வரும் இசையைக் கண்ணை மூடிக் கேளுங்கள். 1950-களின் ஒரு முழுக் காதல் படமே அதற்குள் இருக்கிறது. நாயகன் தன் சோகக் கதையைச் சொல்லச் சொல்ல, பக்கத்து இருக்கைக்காரர்கள் தாங்க முடியாமல் உயிரை மாய்த்துக்கொள்கிறார்கள். அந்த அபத்தம் எடுபடுவதற்கு, அவனுடைய சோகத்தை நம்பும் ஓர் ஆள் படத்தில் வேண்டும். இசைதான் அந்த ஆள்.

ராஜவீதி ஐயா, உங்கள் ஆதங்கம் புரிகிறது. ஆனால் ‘மாக்கிங்பேர்ட்’டில் அவர் செய்ததும் இதேதானே? யாருடைய கண்ணால் இந்தக் கதையைப் பார்ப்பது என்று கண்டுபிடித்தார். இங்கேயும் அதே கேள்விக்குத்தான் விடை தேடியிருக்கிறார்.

பழைய ரீல்:

இந்த இழையில் ஒரு படத்தை யாரும் இன்னும் சொல்லவில்லை. ‘ரோபாட் மான்ஸ்டர்’, 1953.

1950-களின் தொடக்கத்தில் இடதுசாரிச் சார்பு உள்ளவர் என்ற சந்தேகத்தில் பெரிய ஸ்டூடியோக்கள் பெர்ன்ஸ்டீனைத் தள்ளி வைத்தன. முழுக் கறுப்புப் பட்டியல் இல்லை, ஆனால் வேலை வராது. அப்போது கிடைத்த வேலைகளில் ஒன்று இது. நாலே நாளில், சல்லிக் காசில் எடுத்த முப்பரிமாணப் படம். பூமியை அழிக்க வந்த வேற்றுலக அரக்கன் என்று கொரில்லா உடை போட்ட ஒருவர் வருவார். தலையில் கண்ணாடி வைத்த ஹெல்மெட், அதன் மேல் ஏரியல். குகைக்குள் சோப்புக் குமிழி விடும் இயந்திரம் வேறு.

பார்த்தவர்கள் விழுந்து விழுந்து சிரித்த படம், படம் எடுத்தவர்களின் எண்ணத்துக்கு மாறாக. ஆனால் முப்பத்தொரு வயது பெர்ன்ஸ்டீன் அதற்கு எழுதியிருக்கும் இசையில் ஏனோதானோ என்பது கிடையாது. கொரில்லா உடை குன்றில் ஏறும்போது உலகமே அழியப் போகிறது என்று இசை நம்புகிறது. அதே வருடம் ‘கேட் விமன் ஆஃப் தி மூன்’ என்று இன்னொன்று. அதிலும் இதே உழைப்பு.

1978-ல் லாண்டிஸ் கேட்டது பெர்ன்ஸ்டீனுக்குப் புது விஷயமே இல்லை என்பேன். கேலிக்குரிய படத்துக்கு உண்மையான இசை எழுதுவதை அவர் வேறு வழியில்லாமல் 25 வருடம் முன்பே பழகியிருந்தார்.

மந்தரம்:

ரீல் அண்ணா, அந்தப் படத்தை உடனே பார்க்கப் போகிறேன்!

ராஜவீதி ரசிகர்:

பழைய ரீல் சொன்னது எனக்கும் பிடித்திருக்கிறது. நல்ல இணைப்பு.

ஆனால் இன்னொரு பக்கத்தையும் பாருங்கள். இந்த நகைச்சுவைப் படங்களில் அவருக்கு எவ்வளவு இடம் கிடைத்தது? ‘ஆன் அமெரிக்கன் வேர்வுல்ஃப் இன் லண்டன்’ (1981) முழுக்க நிலாவைப் பற்றிய பாடல்கள். மனிதன் ஓநாயாக மாறும் அந்தப் புகழ்பெற்ற காட்சியில் ஒலிப்பது சாம் குக் பாடிய ‘ப்ளூ மூன்’. பெர்ன்ஸ்டீனின் இசை மொத்தமே சில நிமிடங்கள். ‘கோஸ்ட்பஸ்டர்ஸ்’ (1984) என்றால் உலகமே ரே பார்க்கர் ஜூனியர் பாட்டைத்தான் பாடுகிறது. அது அமெரிக்கப் பட்டியலில் முதலிடத்தில் மூன்று வாரம் இருந்தது, ஆஸ்கருக்கும் பரிந்துரையானது. அடைத்து வைத்த பேய்கள் எல்லாம் நகரத்துக்குள் பாயும் உச்சக் காட்சியிலும் ஒரு பாடல்தான் வருகிறது. படத்துக்கு அவர் இசையமைத்தார் என்பதே பலருக்குத் தெரியாது.

பாட்டு விற்றால் ஸ்டூடியோவுக்கு இன்னொரு வருமானம். அந்தக் கணக்கில் பின்னணி இசைக்காரர்தான் முதலில் இடம் இழக்கிறார். ஒரு மேதை ஏன் அந்த வரிசையில் நிற்க வேண்டும்?

பின்னணிப்பித்தன்:

பாடல்கள் இடத்தைப் பிடித்துக்கொண்டன என்பது உண்மை. அதை நானும் வருத்தத்தோடுதான் பார்க்கிறேன். ஆனால் ‘கோஸ்ட்பஸ்டர்ஸ்’ பாட்டு விளம்பரத்தைப் பார்த்துக்கொண்டது, பயத்தைப் பார்த்துக்கொண்டது பெர்ன்ஸ்டீன். முதல் காட்சி நியூயார்க் நூலகம். ஆளில்லாத அடித்தளம், இழுப்பறைகளிலிருந்து அட்டைகள் தானாகப் பறக்கின்றன. அங்கே வரும் ஓசை என்ன கருவி என்று யோசித்ததுண்டா?

செல்லோ சாரதா:

ஒண்ட் மார்த்தனோ! எனக்குப் பிடித்த விஷயம், நானே சொல்கிறேன்.

பிரான்ஸில் மோரிஸ் மார்த்தனோ 1928-ல் அரங்கேற்றிய மின்னிசைக் கருவி. மார்த்தனோ அடிப்படையில் ஒரு செல்லோக்காரர், அந்தப் பெருமை எங்களுக்கு உண்டு. பார்க்க ஆர்கன் போலக் கட்டைகள் இருக்கும். முன்னால் ஒரு கம்பி ஓடும், அதிலுள்ள வளையத்தில் விரலை மாட்டி இழுத்தால் சுரம் கமகம் போல வழுக்கிக்கொண்டு போகும். இடது கையில் ஒரு விசை, அதை அழுத்தும் அளவுக்கு ஒலி கூடும். அதனால் மின்சாரக் கருவியாக இருந்தாலும் மூச்சு விடுவது போன்ற உயிர் அதில் உண்டு. பிரெஞ்சு இசையமைப்பாளர் மெஸ்ஸியன் தன்னுடைய ‘துரங்கலீலா’ சிம்பொனியில் இதைப் பெரிதாகப் பயன்படுத்தினார்.

பெர்ன்ஸ்டீன் 1980-களின் தொடக்கத்தில் இதன் மேல் காதல் கொண்டு, அப்புறம் படத்துக்குப் படம் கொண்டுவந்தார். அவருக்காகப் பல படங்களில் இதை வாசித்தவர் சிந்தியா மில்லர். ‘கோஸ்ட்பஸ்டர்ஸ்’ படத்தில் பேய்களைப் பிடிக்கும் நண்பர்களுக்கு ஒரு குறும்பான பியானோ நடை, நாயகி டேனாவுக்கு இந்தக் கருவியில் இழையும் மெல்லிசை என்று பிரித்து வைத்திருப்பார். பேய் பயமுறுத்தினால்தான் நண்பர்களின் அலட்சியம் சிரிப்பூட்டும். அந்தப் பயத்தை அவர் உண்மையாகக் கட்டியிருக்கிறார்.

வாத்தியப்பெட்டி:

தாமதமாக வருகிறேன். ஒரு கேள்வி கேட்கிறேன், கோபித்துக்கொள்ள வேண்டாம். சீரியஸ் இசைதான் நகைச்சுவைக்கு உகந்தது என்றால் ஹென்ரி மான்சினியை என்ன செய்வது? ‘பிங்க் பேந்தர்’ (1963) இசை தானே ஒரு குறும்புக்காரன். பிளாஸ் ஜான்சனின் டெனர் சாக்ஸஃபோன் பூனை நடை நடந்து கண்ணடிக்கிறது. அது படத்தைக் கெடுத்ததா?

பின்னணிப்பித்தன்:

கெடுக்கவே இல்லை. மான்சினி வேறு பள்ளி. அவருடைய இசையில் படத்துக்கு வெளியே நிற்கும் ஒரு சாமர்த்தியசாலி இருக்கிறார், நமக்குத் தோழனாக. அந்தப் படத்தின் துப்பறிவாளர் க்ளூஸோவின் உலகத்துக்கு அது பொருந்தும், ஏனென்றால் அங்கே எல்லாமே ஒரு நளினமான விளையாட்டு. பெர்ன்ஸ்டீனுக்கு வந்த படங்கள் ஏதாவது ஒரு வகைப் படத்தை அல்லது ஒரு நிறுவனத்தை உடைப்பவை: கல்லூரி, ராணுவம், பங்குச்சந்தை, கௌபாய். உடைபடும் பொருள் முதலில் உறுதியாக நிற்க வேண்டும்.

அதற்கு ‘ட்ரேடிங் ப்ளேசஸ்’ (1983) நல்ல சாட்சி. மோட்ஸார்ட்டின் ‘ஃபிகாரோவின் திருமணம்’ ஓபரா முன்னிசையோடு ஃபிலடெல்ஃபியா நகரம் விடிகிறது. தெருவோரம் ஏழைகள், மாளிகைக்குள் வெள்ளித் தட்டில் காலை உணவு. ஃபிகாரோ ஒரு வேலைக்காரன் தன் எஜமானனை மடக்கும் கதை. பந்தயத்துக்காக ஒரு பணக்காரனையும் ஒரு தெருவாசியையும் இடம் மாற்றிப் போடும் கிழட்டு முதலாளிகளைக் கடைசியில் அந்த இருவரும் ஓட்டாண்டியாக்கும் படத்துக்கு இதைவிடப் பொருத்தமான வாசல் கிடையாது. மோட்ஸார்ட்டை எடுத்து, தன் இசையோடு தையல் தெரியாமல் சேர்த்ததற்கு அந்த ஆண்டு ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது.

இன்னொன்று. 14 முறை பரிந்துரைக்கப்பட்ட இந்த மனிதர் ஆஸ்கரை ஒரே முறைதான் வென்றார். ‘மேக்னிஃபிசென்ட் செவன்’ வெல்லவில்லை, ‘மாக்கிங்பேர்ட்’ வெல்லவில்லை. வென்றது ‘தரோலி மாடர்ன் மில்லி’ (1967). இசை நாடக நகைச்சுவைப் படம்.

பழைய ரீல்:

பிராம்ஸ் விஷயத்தில் ஒரு துணுக்கு. அந்த ‘அகாடமிக் ஃபெஸ்டிவல்’ முன்னிசையை பிரெஸ்லாவ் பல்கலைக்கழகம் கொடுத்த கௌரவப் பட்டத்துக்கு நன்றியாக 1880-ல் அவர் எழுதினார். கனமான படைப்பு வரும் என்று பேராசிரியர்கள் காத்திருக்க, அவர் மாணவர்கள் குடித்துவிட்டுப் பாடும் பாட்டுகளைக் கோத்துக் கொடுத்தார். ‘அனிமல் ஹவுஸ்’ விடுதிக்கு இதைவிட நல்ல மூதாதை ஏது!

வாத்தியப்பெட்டி:

மான்சினி பற்றிய பதிலை ஏற்கிறேன் நண்பரே. பின்னால் வந்தவர்களும் இந்த வழியில் நடந்திருக்கிறார்கள். ‘ஏர்ப்ளேன்’ குழுவே ‘நேக்கட் கன்’ (1988) எடுத்தபோது ஐரா நியூபார்ன் பழைய தொலைக்காட்சித் துப்பறியும் தொடரின் பித்தளை முழக்கத்தை அப்படியே நிமிர்ந்து வாசித்தார். ‘ட்ராபிக் தண்டர்’ (2008) படத்தில் தியடோர் ஷபீரோவும் போர்ப் பட இசையைப் போர்ப் படமாகவே எழுதினார்.

ராஜவீதி ரசிகர்:

சரி, ‘த்ரீ அமிகோஸ்’ (1986) பற்றி நானே சொல்கிறேன். என் வாதத்துக்கு அதுதான் முக்கியமான படம்.

மூன்று ஊமைப்பட நடிகர்கள். மெக்சிகோ கிராமத்துக்காரர்கள் அவர்களை நிஜ வீரர்கள் என்று நம்பிக் கொள்ளையரை விரட்ட அழைக்கிறார்கள். இவர்கள் ஏதோ நாடகத்துக்குக் கூப்பிடுகிறார்கள் என்று நினைத்துப் போகிறார்கள். ‘மேக்னிஃபிசென்ட் செவன்’ கதையின் கேலி வடிவம், அதற்கு இசை அதே பெர்ன்ஸ்டீன். 1960-ல் குதிரைக் குளம்பொலியோடு ஓடிய அந்தத் தாளம், பிறகு மார்ல்பரோ சிகரெட் விளம்பரத்துக்குப் போய், கடைசியில் அவர் கையாலேயே நகைச்சுவையாக வருகிறது. நன்றாகத்தான் இருக்கிறது, அதிலும் அவர் ஏமாற்றவில்லை. ஆனால் ஒரு கலைஞன் தன்னுடைய மிகச் சிறந்த படைப்பைத் தானே நகல் எடுக்கும் இடத்துக்கு வந்துவிட்டால் அந்தப் பாதை முடிந்துவிட்டது என்று பொருள்.

அவருக்கும் அது தெரிந்திருந்தது என்று நினைக்கிறேன். 1984-க்குப் பிறகு நகைச்சுவைப் படம் என்றாலே இவர் என்று முத்திரை விழுந்துவிட்டது. அதிலிருந்து அவர் வேண்டுமென்றே விலகி, சின்னப் படங்களைத் தேடிப் போனார். ‘மை லெஃப்ட் ஃபுட்’ (1989), ‘தி ஃபீல்ட்’, ‘தி கிரிஃப்டர்ஸ்’ (இரண்டும் 1990), இயக்குநர் ஸ்கார்சேஸியோடு ‘தி ஏஜ் ஆஃப் இன்னசன்ஸ்’ (1993). கடைசியில் ‘ஃபார் ஃப்ரம் ஹெவன்’ (2002). எண்பது வயதில் எழுதிய அந்த இசையைக் கேட்டால், 1978-லிருந்தே இந்தப் பக்கம் இருந்திருக்கக் கூடாதா என்று மனசு கேட்கிறது. நான் இதில் உறுதியாக இருக்கிறேன்.

பின்னணிப்பித்தன்:

ஐயா, ‘ஃபார் ஃப்ரம் ஹெவன்’ படத்தையே என் பக்கத்துச் சாட்சியாக அழைக்கிறேன். அது 1950-களின் கண்ணீர்ப் படங்களின் வடிவத்தை எடுத்து 2002-ல் செய்த படம். கொஞ்சம் பிசகினாலும் ரசிகர்கள் நமட்டுச் சிரிப்புச் சிரித்திருப்பார்கள். பழைய பாணியை, கேலியின் நிழல் விழாமல், முழு நம்பிக்கையோடு இன்றைய ஆட்களுக்கு எப்படி வாசிப்பது? எட்டு வருடம் அவர் பயின்றது அதைத்தானே. ‘ஏர்ப்ளேன்’ காதல் இசையையும் இதையும் அடுத்தடுத்துக் கேட்டுப் பாருங்கள். ஒன்றில் சுற்றியிருப்பதெல்லாம் கேலி, இன்னொன்றில் எல்லாமே துயரம். எழுதுகிறவரின் முகம் இரண்டிலும் ஒன்றுதான்.

அப்புறம், அவர் நகைச்சுவையை அடியோடு விட்டுவிடவும் இல்லை. 1988-ல் ‘ஃபன்னி ஃபார்ம்’ செய்தார். 1991-ல் லாண்டிஸ் ‘ஆஸ்கர்’ எடுத்தபோது மறுபடி போய், ரோஸினியின் ஓபராவில் வரும் நாவிதன் பாட்டை வைத்து அமர்க்களப்படுத்தினார். பிடிக்காத வேலைக்கு யாரும் அப்படித் திரும்பிப் போக மாட்டார்கள்.

ராஜவீதி ரசிகர்:

‘ஃபார் ஃப்ரம் ஹெவன்’ பற்றிச் சொன்னது யோசிக்க வேண்டிய விஷயம். இரண்டையும் சேர்த்துக் கேட்கிறேன். ‘மாக்கிங்பேர்ட்’ போல இன்னொன்று கிடைத்திருக்கலாம் என்ற என் ஏக்கத்தை மட்டும் யாரும் பிடுங்க முடியாது.

மந்தரம்:

அண்ணா, ‘கோஸ்ட்பஸ்டர்ஸ்’ பின்னணி இசை மட்டும் தனியாகக் கிடைக்குமா? தேடினால் பாட்டுத் தொகுப்புதான் வருகிறது.

வாத்தியப்பெட்டி:

கிடைக்கும் தம்பி. படம் வந்தபோது வெளியான இசைத்தட்டில் பெரும்பாலும் பாடல்கள்தான், அதனால்தான் குழப்பம். படத்தின் 35-ஆம் ஆண்டையொட்டி 2019-ல் பின்னணி இசை முழுத் தொகுப்பாக வந்தது, பெர்ன்ஸ்டீன் பெயரோடு தேடுங்கள். படத்தில் இடம்பெறாத பகுதிகளும் உண்டு. அதைக் கேட்டுவிட்டு 2021-ல் வந்த ‘கோஸ்ட்பஸ்டர்ஸ்: ஆஃப்டர்லைஃப்’ பாருங்கள். ராப் சைமன்சன் அதில் பெர்ன்ஸ்டீனின் மெட்டுகளையே எடுத்து ஆண்டிருக்கிறார், ஒண்ட் மார்த்தனோ உட்பட.